வீட்டு க்ரீமர்: சர்க்கரை குறைவு, ஒரு மாதம் தாங்கும் என்கிறார்களே, சரியா?

கேள்வி, ஜூன் 2

காபியில் பாலுக்குப் பதில் ஊற்றக் கடையில் விற்கும் ஃப்ளேவர் க்ரீமரை நிறுத்திவிட்டேன். ஒரு டின் கண்டென்ஸ்டு மில்க், 400 மில்லி பால், இரண்டு டீஸ்பூன் வெனிலா எசன்ஸ். பாட்டிலில் ஊற்றிக் குலுக்கினால் வேலை முடிந்தது. ரசாயனம் கிடையாது, சர்க்கரை குறைவு, ஃப்ரிட்ஜில் ஒரு மாதம் தாங்கும். இதைவிட நல்ல முறை யாரிடமாவது உண்டா?

ஜூன் 2, இரவு

நல்ல முறை உண்டு, அது பிறகு. முதலில் அந்தச் "சர்க்கரை குறைவு" கணக்கைப் போட்டுவிடலாம். க்ரீமர் குறிப்பு எழுதுகிற எல்லோரும் இந்த வரியை எழுதுகிறார்கள், கணக்குப் போட்டவர்களைத்தான் காணோம்.

397 கிராம் டின்னில், பாலுக்கே உரிய லாக்டோஸையும் சேர்த்து, சர்க்கரை ஏறக்குறைய 215 கிராம். 400 மில்லி பாலிலிருந்து இன்னும் 19 கிராம் வரும். கலந்தால் மொத்தம் 700 மில்லி சொச்சம். அப்படியானால் 15 மில்லி பிடிக்கும் ஒரு டேபிள்ஸ்பூனில் 5 கிராம் சர்க்கரை. கடைப் பாட்டிலைத் திருப்பி லேபிளைப் படியுங்கள். இனிப்பு சேர்த்த திரவ வகைகளில் பலவற்றிலும் அதே 5 கிராம்தான் போட்டிருக்கும்.

சமம் என்று நிறுத்திக்கொள்ளலாம். ஆனால் வீட்டில் செய்தது என்றால் கை தாராளமாகிவிடுகிறது. நானும் அப்படித்தான் ஊற்றுவேன். ஆகவே நடைமுறையில் சர்க்கரை கூடத்தான் செய்யும்.

ஜூன் 2, கொஞ்ச நேரம் கழித்து

"ரசாயனம் கிடையாது" பற்றி ஒரு வரி. கண்டென்ஸ்டு மில்க் டின்னும் ஒரு தொழிற்சாலையில் செய்ததுதான். அதில் தவறொன்றும் இல்லை, தெரிந்துகொண்டு வாங்குங்கள்.

ஜூன் 3

ஒரு மாதம் தாங்குமா? தாங்காது. ஐந்திலிருந்து ஏழு நாள். அதற்குள் பால் பாக்கெட்டில் போட்ட தேதி வந்துவிட்டால் அந்தத் தேதிதான் கணக்கு.

இந்த ஒரு மாதக் கதை எப்படி வந்தது என்று எனக்குப் புரிகிறது. திறக்காத கண்டென்ஸ்டு மில்க் டின் வெளியே அலமாரியில் மாதக்கணக்கில் கிடக்கும். கெயில் போர்டன் அமெரிக்காவில் இதற்குக் காப்புரிமை வாங்கிய 1856-இல் வீட்டு ஃப்ரிட்ஜ் என்ற ஒன்றே கிடையாது. பாலிலிருந்து தண்ணீரை வெளியேற்றி, மிச்சமிருக்கும் தண்ணீரைச் சர்க்கரை கட்டிப்போட்டுவிடுகிறது. கிருமிக்குப் பயன்படுத்தத் தண்ணீர் கிடைப்பதில்லை. உணவு அறிவியலில் இதை 'நீர்ச் செயல்பாடு' என்று அளக்கிறார்கள். சுத்தத் தண்ணீருக்கு 1, கண்டென்ஸ்டு மில்க்குக்கு ஏறத்தாழ 0.85. நோய் தரும் பாக்டீரியாக்களில் பெரும்பாலானவை அந்த அளவில் பெருக முடியாது.

அதில் நீங்கள் 400 மில்லி பாலை ஊற்றுகிறீர்கள். வெளியேற்றிய தண்ணீரில் ஏறக்குறையப் பாதி திரும்ப உள்ளே வந்துவிட்டது. அளவு 0.97-ஐ ஒட்டிப் போய்விடும், அதாவது சாதாரணப் பாலுக்குப் பக்கத்தில். சர்க்கரையின் பாதுகாப்பு போய், இனிப்பு மட்டும் நிற்கிறது.

கடைப் பாட்டில் ஏன் தாங்குகிறது? அதை 135 டிகிரிக்கு மேலே சில விநாடி சூடாக்கி, கிருமி நீக்கிய பாட்டிலில் அடைக்கிறார்கள். நம் பாட்டில் எவ்வளவு கொதிநீரில் கழுவினாலும் அந்த நிலைக்கு வராது.

ஃப்ரிட்ஜ் 4 டிகிரிக்குள் இருக்க வேண்டும். பாட்டிலைக் கதவில் வைக்காமல் உள்தட்டில் பின்பக்கமாக வையுங்கள். மேசை மேலே இரண்டு மணி நேரம் மறந்துவிட்டால் கொட்டிவிடுங்கள்.

ஜூன் 3, மாலை

"மோந்து பார்த்தால் தெரியாதா" என்று கேட்டவருக்கு: வெனிலாவும் பட்டையும் போட்டதில் என்னத்தை மோந்து பார்ப்பது? புளித்த வாடையை மறைப்பதில் அந்த இரண்டும் கெட்டிக்காரர்கள். பாட்டில் மேல் தேதி எழுதி ஒட்டுங்கள்.

ஜூன் 5

காபியில் ஊற்றியதும் திரிந்து பொடிப்பொடியாக மிதக்கிறது, பால் கெட்டுவிட்டதா என்று ஒரு கேள்வி. கெட்டிருக்கலாம். புதுப் பாலிலும் இது நடக்கும்.

பாலின் கேசின் புரதம் பிஎச் (புளிப்பை அளக்கும் எண், குறையக் குறையப் புளிப்பு கூடும்) 4.6-க்கு வந்தால் ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டியாகும். புதுப் பால் 6.6, 6.7-இல் இருக்கும். காபி கொட்டையையும் வறுவலையும் பொறுத்து 5-ஐ ஒட்டி இருக்கும். இந்த எண்களை மட்டும் பார்த்தால் திரியக் கூடாது. ஆனால் 4.6 என்பது அறை வெப்பத்துக்கான கணக்கு. சூடு ஏற ஏற, அவ்வளவு புளிப்பு இல்லாமலேயே புரதம் ஒட்டிக்கொண்டுவிடும். காபியோ கொதிக்கக் கொதிக்க இருக்கிறது. பாலும் நாலைந்து நாள் ஆகி லேசாகப் புளிப்பேறியிருந்தால், இரண்டும் சேர்ந்து எல்லையைத் தாண்டிவிடும். நாக்குக்குத் தெரியாத புளிப்பு அது. அந்தப் பாலை அப்படியே குடித்தால் ஒன்றும் தெரியாது. காபியில் விட்டால் காட்டிக்கொடுத்துவிடும்.

லேசாக வறுத்த கொட்டையில் புளிப்பு கூட. போட்டு வெகுநேரம் சூட்டுத்தட்டில் வைத்த காபியிலும் புளிப்பு ஏறும், அதிலுள்ள குளோரோஜெனிக் அமிலம் உடைந்து வேறு அமிலங்கள் உண்டாவதால். கால்சியம் மிகுந்த கடினத் தண்ணீரும் புரதம் ஒட்டித் திரிவதற்குத் துணைபோகும். ஒரே க்ரீமர் ஒரு வீட்டில் நன்றாக இருந்து இன்னொரு வீட்டில் திரிவதற்கு இது ஒரு காரணம். குறிப்பு எழுதியவரைத் திட்டுவதற்கு முன் தண்ணீரைச் சந்தேகியுங்கள்.

செய்யக்கூடியது: கப்பில் முதலில் க்ரீமரை விட்டு, அதன் மேல் காபியைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றுங்கள். க்ரீமர் மெல்லச் சூடேறும். புளிப்பும் ஒரேயடியாக வந்து மோதாது. காபியை இறக்கி இரண்டு நிமிடம் விட்டுக் கலந்தாலே பாதிப் பிரச்சினை போய்விடும்.

ஜூன் 6

நேற்று எழுதியதோடு கொழுப்பையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். அது இல்லாமல் பாதிதான் சொன்னதாகும். திரிவது புரதம், கொழுப்பு அல்ல. 36 சதவீதக் கொழுப்புள்ள கெட்டி க்ரீமில் புரதம் 2 சதவீதம் அளவில்தான், பாலில் 3.3. அதனால் கொழுப்பு கூடக்கூடத் திரிவது குறையும். கொழுப்பு நீக்கிய பாலில் செய்த க்ரீமர்தான் முதலில் திரியும். ஆரோக்கியம் என்று அதில் செய்பவர்கள்தான் "எனக்கு மட்டும் ஏன்" என்று அதிகம் கேட்கிறார்கள்.

எவாப்பரேட்டட் மில்க் இதில் ஒரு தனி ரகம். தண்ணீரில் 60 சதவீதத்தை எடுத்த பால், சர்க்கரை சேர்க்காதது. டின்னில் அடைத்துச் சூடாக்கும்போது திரியாமல் இருக்கப் பாஸ்பேட் உப்பு கொஞ்சம் சேர்த்திருப்பார்கள். அந்த உப்பு கப்புக்குள்ளும் வேலை செய்யும். கடை க்ரீமர் லேபிளில் 'டைபொட்டாசியம் பாஸ்பேட்' என்று பயமுறுத்தும் பெயர் இருக்கிறதே, அதற்கும் வேலை இதுதான்: காபியின் புளிப்பைத் தாங்கிக்கொள்வது.

ஜூன் 6, இரவு

ஆமாம், கேள்வி கேட்டவர் ரசாயனம் என்று வைதது அதைத்தான். ஆமாம், இப்போது நான் அதற்கு வக்காலத்து வாங்குகிறேன்.

ஜூன் 9

இனி என் முறை. வாசனை, இனிப்பு, பால் மூன்றையும் ஒரே பாட்டிலில் போடாதீர்கள். மொத்தமும் இவ்வளவுதான்.

ஒரே பாட்டிலில் போட்டால் சீக்கிரம் கெடுவது எதுவோ அதன் ஆயுள்தான் மற்ற இரண்டுக்கும். நல்ல வெனிலாவைப் பால் சாகும் தேதியில் சேர்த்துக் கொட்ட வேண்டியிருக்கும். இன்னொன்று, காபியை வெளுப்பாக்க நினைத்தால் இனிப்பும் கூடவே ஏறும். வாசனை போதவில்லை என்று இன்னும் ஊற்றினால் காபி ஆறிப்போய், பால் மட்டும் தூக்கலாக நிற்கும். எனக்கு இனிப்பு குறைவாகவும் வாசனை கூடுதலாகவும் வேண்டும். வீட்டில் இன்னொருவருக்கு நேர்மாறு. ஒரு பாட்டிலால் இதைத் தீர்க்க முடியவில்லை.

நான் வைத்திருப்பது இரண்டு பாட்டில்.

ஒன்று பாகு. எடையில் இரண்டு பங்கு சர்க்கரை, ஒரு பங்கு தண்ணீர். 200 கிராமுக்கு 100. சர்க்கரை கரையும் வரைதான் சூடு, கம்பிப் பதமெல்லாம் வேண்டாம், அப்படிக் காய்ச்சினால் ஃப்ரிட்ஜில் படிகமாகிவிடும். வாசனை எதுவானாலும் இதில்தான் போடுவேன். இந்த அடர்த்தியில் பாகு ஃப்ரிட்ஜில் ஒரு மாதம் இருக்கும். கேள்வி கேட்டவர் ஆசைப்பட்ட அந்த ஒரு மாதம் இங்கேதான் கிடைக்கிறது. சரிக்குச் சரி போட்ட நீர்த்த பாகு என்றால் சீக்கிரம் பூஞ்சை பிடிக்கும். ஒரு டீஸ்பூன் பாகில் 4.5 கிராம் அளவுக்குச் சர்க்கரை இருப்பதால், எவ்வளவு சாப்பிடுகிறோம் என்பதும் கையிலேயே தெரியும்.

இரண்டாவது, இனிப்பில்லாத பால் பாட்டில். கெட்டி க்ரீம் ஒரு பங்கு, முழுக் கொழுப்புப் பால் இரண்டு பங்கு. கொழுப்பு 14 சதவீதத்துக்குப் பக்கம் வரும். 25 சதவீத க்ரீம்தான் கிடைக்கிறதென்றால் சரிக்குச் சரி கலந்தாலும் அதே இடத்துக்கு வரும். மூன்று, நான்கு நாளுக்கு வேண்டியதை மட்டும் கலப்பேன். தீர்ந்தால் மறுபடி கலக்க ஒரு நிமிடம்கூட ஆகாது. உப்பு ஒரு சிட்டிகை. உப்புக்குக் கசப்பை அடக்கும் குணம் உண்டு, அதைப் போட்ட பிறகு பாகு குறைவாகவே போதுகிறது.

மிக்ஸியில் போட வேண்டாம், கரண்டியால் கலக்கினால் போதும். க்ரீமை மிக்ஸியில் ஓட்டினால் முதலில் நுரைக்கும், அப்புறம் வெண்ணெய் திரளும். பாட்டிலைப் பலமாகக் குலுக்கினாலும் கொஞ்ச நாளில் அதே கதி.

ஜூன் 10

"இதற்குப் பெயர் க்ரீமர் இல்லை, பாலும் சர்க்கரையும்" என்று ஒருவர். சரிதான். க்ரீமரே பாலும் சர்க்கரையும்தான்.

(பால்கூட இல்லாததும் உண்டு. 1961-இல் கார்னேஷன் நிறுவனம் கொண்டுவந்த காபி-மேட் தூள் வகைதான் அதில் பிரபலம். தாவர எண்ணெய், சோளப் பாகுத் தூள், கூடவே சோடியம் கேசினேட். கடைசியாகச் சொன்னது பாலிலிருந்து எடுக்கும் புரதம். பாட்டிலில் 'நான்-டெய்ரி' என்று இருந்தாலும் பால் ஒவ்வாமை உள்ளவர்கள் பின்பக்கத்தைப் படிக்காமல் தொடக் கூடாது.)

ஜூன் 12

வாசனைகள். கேட்ட வரிசையில் போகவில்லை, எனக்குச் சொல்ல நிறைய இருக்கிற இடத்தில் நிற்கிறேன்.

பட்டை: தூள் வேண்டவே வேண்டாம். அது கரையாது. காபியின் மேலே மிதந்து, அடியில் படிந்து, கடைசி வாய் மண்ணாக இருக்கும். பாட்டிலில் ஒரு நாள் ஊறினால் தண்ணீரை இழுத்து வழவழவென்று கொழகொழத்துவிடும். குச்சியாகப் போட்டுப் பாகோடு பத்து நிமிடம் மெல்லிய சூட்டில் வைத்து, ஆறியதும் எடுத்துவிடுங்கள். தினமும் இரண்டு மூன்று கப் குடிப்பவர்களுக்கு இன்னொன்று: கடைகளில் சல்லிசாகக் கிடைக்கும் தடித்த காசியா பட்டையில் கூமரின் என்ற பொருள் அதிகம், அளவு மீறினால் கல்லீரலுக்கு ஆகாது. ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம் வைத்த வரம்பு ஒரு கிலோ உடல் எடைக்கு நாளைக்கு 0.1 மில்லிகிராம். மெல்லிய சுருளாக இருக்கும் இலங்கைப் பட்டையில் அது மிகமிகக் குறைவு. எப்போதாவது குடிப்பவர்கள் இதற்காகக் கவலைப்பட வேண்டாம்.

வெனிலா: காய் கிடைத்தால் கீறி, விதையைச் சுரண்டி, தோலையும் சேர்த்துச் சூடான பாகில் மூழ்க வைத்து மூடுங்கள். அரை மணி நேரம் கழித்தும் எடுக்க வேண்டாம், பாட்டிலிலேயே கிடக்கட்டும். எக்ஸ்ட்ராக்ட் என்றால் பாகு நன்றாக ஆறிய பிறகே விட வேண்டும். அதில் கணிசமான பங்கு சாராயம் (அமெரிக்க விதிப்படி குறைந்தது 35 சதவீதம்), சூட்டில் விட்டால் அது ஆவியாகிப் போகிற போக்கில் வாசனையையும் தூக்கிக்கொண்டு போய்விடும். அடுப்படி மணக்கும், காபி மணக்காது. செயற்கை எசன்ஸ் மட்டமா என்றால், காபியின் கசப்புக்குள் வித்தியாசம் கண்டுபிடிப்பது கஷ்டம் என்பதுதான் என் நாக்கின் தீர்ப்பு. ஐஸ்க்ரீமில் தெரியும். இங்கே தெரிவதில்லை.

புதினா: எண்ணெயாக விற்பதை வாங்காதீர்கள். அது தண்ணீரில் சேராமல் மேலே மிதக்கும், முதல் வாயில் மொத்தப் புதினாவும் வந்துவிடும். எக்ஸ்ட்ராக்ட் வாங்கி, துளிக்கணக்கில் விடுங்கள். கொஞ்சம் கூடினாலும் பல் தேய்த்த வாயோடு காபி குடித்த உணர்வு.

ஏலக்காய்: தட்டிப் பாகில் ஊறவைத்து வடிகட்டுங்கள். வேறு ஒன்றும் இல்லை.

ஜூன் 13

கோகோவைத் தனியாகச் சொல்ல வேண்டும். அதுதான் எல்லோரையும் படுத்துகிறது. குளிர்ந்த பாலில் கோகோத் தூளைக் கொட்டினால் உருண்டை உருண்டையாக மிதக்கும், அடித்தாலும் உடையாது. தூளில் கொழுப்பு இருப்பதால் தண்ணீர் உடனே உள்ளே போவதில்லை. முதலில் தூளையும் சர்க்கரையையும் உலர்வாகக் கலந்து, கொதிநீரை ஒவ்வொரு கரண்டியாக விட்டுப் பசையாகக் குழைத்து, அப்புறம்தான் நீர்க்க வேண்டும். இரண்டு நிமிடம் கொதித்தால் நல்லது.

வகையும் முக்கியம். சாதாரணக் கோகோ பிஎச் 5.5 பக்கம், புளிப்பு. புளிப்பை முறிக்கும் காரப்பொருள் சேர்த்துப் பதப்படுத்திய 'டச்சு' கோகோ 7-ஐ ஒட்டி. திரியும் காபிக்குள் மேலும் புளிப்பைக் கொண்டுபோவானேன்? டச்சு வகையே எடுங்கள். நிறமும் ஆழமாக இருக்கும். எப்படியானாலும் அடியில் கொஞ்சம் படியத்தான் செய்யும், கலக்கிக் குடிக்க வேண்டியதுதான்.

ஜூன் 13, பிற்பகல்

தேன் பற்றிக் கேட்டிருந்தார்கள். தேனின் பிஎச் 4-க்குப் பக்கம். பாலில் கலந்து பாட்டிலில் வைக்காதீர்கள். கப்பில் நேராக விட்டுக்கொள்ளுங்கள்.

ஜூன் 15

பால் இல்லாத க்ரீமர். நான் இதில் தேறியவன் இல்லை, செய்து பார்த்ததைச் சொல்கிறேன்.

முந்திரி சுலபம். ஊறவைத்து, தண்ணீரை மாற்றி, மிக்ஸியில் பட்டுப்போல அரைத்தால் வடிகட்டவே வேண்டாம். சூட்டில் லேசாகக் கெட்டிப்படும், முந்திரியில் மாவுச்சத்து இருப்பதால். க்ரீமருக்கு அது நல்லதுதான். பாதாம் வாசனையில் நன்றாக இருக்கும், ஆனால் வடிகட்டினால் மெலிந்துவிடும், சூடான காபியில் திரியவும் செய்யும்.

சோயா எனக்குச் சரிவரவில்லை. சோயாப் புரதம் புளிப்புக்கும் கால்சியத்துக்கும் மெக்னீசியத்துக்கும் சட்டென்று உறையும். டோஃபு செய்வதே அந்த வழியில்தான். கடினத் தண்ணீரில் போட்ட காபியில் சோயாப்பால் ஊற்றுவது கப்புக்குள் டோஃபு செய்கிற முயற்சி. 'பரிஸ்டா' என்று போட்டு விற்கும் தாவரப் பால்கள் பலவற்றில் மேலே சொன்ன அதே பாஸ்பேட் உப்பு இருக்கும், திரியாமலிருப்பதன் ரகசியம் அதுதான்.

ஓட்ஸ்: குளிர்ந்த தண்ணீரில் அரை நிமிடத்துக்கு மேல் அரைக்காதீர்கள், பிழியாதீர்கள். மீறினால் கோந்து. மீறாவிட்டாலும் சூட்டில் கொஞ்சம் கோந்துதான். கடையில் விற்பதற்கு நொதி சேர்த்து மாவுச்சத்தை உடைத்திருப்பார்கள். அதனால்தான் அது சர்க்கரை சேர்க்காமலேயே இனிக்கிறது.

தேங்காய்ப்பால்: கொழுப்பு நிறைய, வெளுப்பும் நன்றாக வரும். ஃப்ரிட்ஜில் கொழுப்பு மேலே கட்டியாகிவிடும், ஏனென்றால் தேங்காய் எண்ணெய் 24 டிகிரிக்குக் கீழே உறைந்துவிடுகிறது. கட்டியைக் கெட்டுப்போனதாக நினைத்துக் கொட்டிவிடாதீர்கள். வெந்நீரில் பாட்டிலைக் கொஞ்ச நேரம் வைத்துக் குலுக்கினால் சரியாகிவிடும். காபியின் வாசனையைத் தேங்காய் மறைத்துவிடுகிறது என்பதுதான் எனக்கு மனத்தாங்கல்.

ஜூன் 16

எண்ணெயையும் தண்ணீரையும் மிக்ஸியில் அடித்து வெளுப்பாக்கலாமா? அடித்த நிமிடம் வெள்ளையாக இருக்கும். பால் வெளுப்பாகத் தெரிவது அதிலுள்ள நுண்ணிய கொழுப்புத் துளிகளும் கேசின் துகள்களும் ஒளியைச் சிதறடிப்பதால். ஆலையில் அழுத்தம் கொடுத்துத் துளிகளை ஒரு மைக்ரான் (மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு) அளவுக்கு உடைக்கிறார்கள். மிக்ஸி அந்த அளவுக்குப் போகாது, பெரிய துளிகள் சீக்கிரம் ஒன்றுசேர்ந்து மேலே எண்ணெய்ப் படலமாக நிற்கும். எண்ணெயையும் தண்ணீரையும் சேர்த்துப் பிடிக்கும் லெசித்தின் கொஞ்சம் சேர்த்தால் கூட நேரம் தாங்கும். எனக்கு அவ்வளவு பொறுமை இல்லை.

ஜூன் 21

பாலைச் சுண்டக் காய்ச்சி வீட்டிலேயே எவாப்பரேட்டட் மில்க் செய்தால் என்ன என்று ஒரு யோசனை வந்திருக்கிறது. செய்யலாம். ஒரு லிட்டர் பாலை அகலப் பாத்திரத்தில் சிறு தீயில், அடிப்பிடிக்காமல் கிளறி 400-450 மில்லிக்குக் கொண்டுவந்தால் ருசி பிரமாதம். சர்க்கரை போடாமலே லேசாக இனிக்கும், லாக்டோஸ் சுண்டி அடர்ந்திருப்பதால். வரும் ஏட்டை வழித்து உள்ளேயே கரைக்கலாம், அல்லது எடுத்துத் தின்றுவிடலாம்.

ஆனால் டின்னுக்கும் இதற்கும் ஒரு வித்தியாசம். புரதமும் சேர்ந்து சுண்டியிருக்கிறது, காப்பாற்றப் பாஸ்பேட் இல்லை. ஆகவே இது சாதாரணப் பாலைவிடச் சீக்கிரம் திரியலாம். சமையல் சோடா ஒரு சிட்டிகை போட்டால் புளிப்பு கொஞ்சம் தணியும். அரை லிட்டருக்கு எட்டில் ஒரு பங்கு டீஸ்பூனுக்கு மேலே போகாதீர்கள், சோப்பு ருசி வந்துவிடும். காய்ச்சும்போது போடாதீர்கள். காரத்தன்மை ஏறினால் பாலின் சர்க்கரையும் புரதமும் வேகமாகப் பழுப்பாகும், க்ரீமர் காக்கி நிறத்தில் வரும். இறக்கிய பிறகு போடுங்கள்.

காக்கி நிறமும் கேரமல் வாசனையும்தான் வேண்டும் என்றால் காய்ச்சும்போதே போடுங்கள். சிலருக்கு அதுதான் பிடிக்கும்.

ஜூன் 22

கேரமல் என்றதும் உப்புக் கேரமல் கேட்கிறார்கள். சர்க்கரையை உலர்ந்த பாத்திரத்தில் உருக்கி, தேன் நிறம் தாண்டிச் செம்பு நிறம் வரும் வரை பொறுங்கள். பயந்து சீக்கிரம் இறக்கினால் வெறும் இனிப்பு, காபிக்குள் காணாமல் போய்விடும். காபியே கசப்பு, அதற்கு எதிரில் நிற்கக் கேரமலும் கொஞ்சம் கசக்க வேண்டும். பிறகு வெந்நீர், பச்சைத் தண்ணீர் அல்ல. உருகிய சர்க்கரை 170 டிகிரியைத் தாண்டியிருக்கும், தண்ணீர் விட்டதும் பொங்கித் தெறிக்கும். நீளக் கைப்பிடிக் கரண்டி, முகத்தைத் தள்ளி வைத்துக்கொள்ளுங்கள், குழந்தைகள் அடுப்படியில் வேண்டாம். க்ரீமுக்குப் பதில் தண்ணீரில் கரைப்பது ஏன்? பாகு பாட்டிலுக்குள் பால் போகக் கூடாது, அவ்வளவுதான். க்ரீம் விட்டால் அதுவும் ஒரு வாரச் சரக்காகிவிடும்.

ஜூன் 22, பிறகு

வாசனை எதுவானாலும் பாகில்தான் என்ற என் விதிக்கு ஹேசல்நட் மட்டும் அடங்கவில்லை. வறுத்து, தோலைத் துணியில் தேய்த்து நீக்கி, கொரகொரப்பாக உடைத்துப் பாகில் ஊறவைத்தேன், வாசனை மங்கலாகத்தான் வந்தது. அதன் வாசனைப் பொருள்கள் கொழுப்பில் நன்றாக இறங்கும். ஆகவே சூடான க்ரீமில் போட்டு, ஆறவிட்டு, இரவு முழுக்க ஃப்ரிட்ஜில் வைத்து, காலையில் துணியில் வடிகட்டினேன். அது வேறு தரம். ஆயுள் சில நாள்தான், ஆனால் அதற்குள் தீர்ந்துவிடும். கொட்டைப் பருப்பு ஒவ்வாமை உள்ளவர் வீட்டுக்கு வந்தால் எந்தப் பாட்டில் எது என்று எழுதியிருக்க வேண்டும்.

ஜூன் 28

சர்க்கரையே இல்லாத பாகு? மாற்று இனிப்பான எரித்ரிட்டால் குளிரில் படிகமாகும், பாட்டிலின் அடியில் கண்ணாடித் தூள் மாதிரி நிற்கும். குறைவான அளவில் கரைத்து வைத்தால் நிற்காது, ஆனால் இனிப்பும் குறையும், பாகின் ஒரு மாத ஆயுளும் கிடையாது. ஸ்டீவியா காபியின் கசப்போடு சேர்ந்து பின்கசப்பை நீட்டுகிறது. அதற்குப் பதில் இனிப்பை விட்டுவிட்டு வாசனையை மட்டும் வைத்துக்கொள்ளலாம். வெனிலா எக்ஸ்ட்ராக்டை நேரடியாகப் பால் பாட்டிலில் சில துளி விடுங்கள். மூக்குக்கு வெனிலா என்றால் நாக்குக்கு இனிப்பு என்று பழகிப்போயிருக்கிறது, சர்க்கரை இல்லாமலே கொஞ்சம் இனிப்பது போலத் தோன்றும்.

ஜூலை 4

பயணத்துக்குத் தூள் க்ரீமர். முழுக் கொழுப்புப் பால் பவுடர், பொடித்த சர்க்கரை, கோகோ அல்லது வெனிலாத் தூள். கடைத் தூளைப் போல ஊற்றியதும் கரையும் என்று எதிர்பார்க்காதீர்கள். நேராகச் சூடான காபியில் போட்டால் கட்டிதட்டும். கப்பில் தூளைப் போட்டு, ஒரு கரண்டி ஆறிய தண்ணீரில் குழைத்துவிட்டு, அதன் மேல் காபியை ஊற்றுங்கள். 'இன்ஸ்டன்ட்' என்று போட்ட பால் பவுடர் என்றால் இந்தப் பாடு குறையும், அதன் துகள்களைச் சேர்த்து, முழுக் கொழுப்பு வகையில் லெசித்தினும் பூசியிருப்பார்கள். ஈரக்கரண்டி போடாதீர்கள்.

ஜூலை 11

உறைய வைக்கலாமா என்பதுதான் மிச்சமிருந்த கேள்வி. பால் பாட்டிலை ஐஸ் தட்டில் ஊற்றி உறைய வைத்தேன். உருகியதும் கொழுப்பு தனியாகப் பிரிந்து எண்ணெய்ப் பொட்டுகளாக நிற்கிறது. கெடவில்லை, பார்க்கத்தான் சகிக்கவில்லை. சூடான காபியில் போட்டு நன்றாகக் கலக்கினால் முக்கால்வாசி மறையும். குளிர்ந்த காபிக்கு அந்தக் கட்டிகளை அப்படியே போட்டேன், உருக உருகக் காபி நீர்த்துப்போகாமல் கெட்டியாகிக்கொண்டே வந்தது. அதற்கு மட்டும் இனி உறைய வைப்பேன். பாகை உறைய வைக்க முயல வேண்டாம், அந்த அடர்த்தியில் அது வீட்டு ஃப்ரீசரில் கல்லாக உறையாது, தட்டிலிருந்து எடுப்பதற்குள் கையெல்லாம் பிசுபிசுப்பு.